விட்டுக்கொடுத்த ஆட்டம்

என் தம்பியிடம் ஒரு கேரம் ஆட்டத்தில் நான் வேண்டுமென்றே தோற்றிருக்கிறேன். நடந்து பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது. இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. சொல்லும் அளவுக்கு அதில் குற்றம் ஒன்றும் இல்லை என்றுதான் நீண்ட காலம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

தம்பிக்கு அப்போது இருபத்து மூன்று வயது. இரவு ஷிப்ட் முடிந்து மோட்டாரில் திரும்பும்போது லோரி மோதி முதுகெலும்பில் அடி. நான்கு மாதம் மருத்துவமனையில் கிடந்தான். வீட்டுக்கு வந்தபோது இடுப்புக்குக் கீழே உணர்வில்லை. அம்மா வரவேற்பறை சோபாவைப் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்துவிட்டு அங்கே அவனுக்குக் கட்டில் போட்டார். பார்க்க வந்தவர்கள் பழமும் மைலோ டின்னும் கொண்டு வந்தார்கள். எல்லாரும் சொல்லி வைத்தாற்போல ஒன்றையே சொன்னார்கள். "மனச விட்றாதப்பா."

விபத்துக்கு முன்பு எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை மதியம் என்றால் கேரம்தான். அவன் கை அப்படிப்பட்ட கை. ரெட் போட்டால் பாலோ போடாமல் விடமாட்டான். பத்து போர்டு ஆடினால் நான் இரண்டு ஜெயிப்பேன். அந்த இரண்டையும் அடுத்த ஞாயிறு வரைக்கும் பேசிக்கொண்டிருப்பேன். வீடு திரும்பி மூன்றாவது வாரம், அவனாகவே கேட்டான். "ஒரு போர்டு ஆடலாமாக்கா?" பலகையைத் துடைத்து, பவுடர் போட்டு, கட்டிலோரம் ஸ்டூலில் வைத்தேன். நான்கு மாதம் படுத்துக் கிடந்த விரல்கள். சுண்டலில் பழைய வேகமில்லை. ஆட்டம் முடியும் தறுவாயில் எனக்கு ஒரே ஒரு காய் மீதி. குழியின் வாயில் நின்றது. ஊதினாலே விழும். நான் ஸ்ட்ரைக்கரை அதன் பக்கத்தில் தள்ளிவிட்டேன். அடுத்த முறையும் அப்படியே. அவன் மீதியிருந்த காய்களைப் போட்டு முடித்தான். நான் கைதட்டினேன்.

அவன் சிரிக்கவில்லை. குழி வாயில் அப்படியே நின்ற என் காயைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தான். "அக்கா, எனக்குக் காலுதான் போச்சு. கேரம் ஆடறதுக்குக் கால் எதுக்கு?" என்றான். காய்களை ஒவ்வொன்றாகப் பெட்டிக்குள் போட்டான். அதன்பிறகு ஒரு வருடம் அந்தப் பலகையைத் தொடவில்லை.

எஸ்தர் வெர்கீர் என்ற பெயரை எனக்குச் சொன்னவனும் அவன்தான். 2012 லண்டன் பாராலிம்பிக் முடிந்த சமயம். கணினியில் சக்கர நாற்காலி டென்னிஸ் இறுதியாட்டத்தின் பதிவு ஒன்றை ஓடவிட்டுக் கூப்பிட்டுக் காட்டினான். நெதர்லாந்தைச் சேர்ந்த வெர்கீரும் அதே நாட்டைச் சேர்ந்த அனீக் வான் கோட்டும் ஆடினார்கள். முதல் செட் 6-0. எதிரில் இருந்த பெண்ணுக்கு ஒரு கேம்கூடக் கிடைக்கவில்லை. இரண்டாவது செட் 6-3. பார்த்துக்கொண்டிருந்தவள் வாயைத் திறந்து சொன்னேன். "ஒரு கேமாச்சும் விட்டிருக்கலாம்ல? பாவம் அந்தப் பொண்ணு."

தம்பி திரும்பிப் பார்த்தான். "நீ அப்படித்தான் சொல்லுவ."

அந்த வார்த்தை எனக்கு எங்கே தைத்தது என்பதை விளக்க வேண்டியதில்லை. ஆனால் அவன் சொன்னது சரியா என்று யோசிக்கப் பல வருடங்கள் ஆயின. அந்த யோசனைதான் இந்தக் கட்டுரை.

வெர்கீர் 1981இல் பிறந்தவர். முதுகுத்தண்டை ஒட்டிய இரத்தக்குழாய்க் கோளாறுக்காக எட்டு வயதில் அறுவைச் சிகிச்சை நடந்தது. அதன்பின் கால்கள் இயங்கவில்லை. மறுவாழ்வு மையத்தில் நாற்காலியில் அமர்ந்தபடி கைப்பந்து, கூடைப்பந்து, டென்னிஸ் மூன்றையும் கற்றுக்கொண்டார். கூடைப்பந்தில் நாட்டு அணி வரை போய் 1997இல் ஐரோப்பிய வாகையர் அணியில் இருந்தார். பிறகு டென்னிஸ் மட்டும் என்று முடிவெடுத்தார். சிட்னி 2000, ஏதன்ஸ் 2004, பெய்ஜிங் 2008, லண்டன் 2012 என நான்கு பாராலிம்பிக்கில் ஒற்றையர் தங்கம். 2003 ஜனவரி 30ஆம் தேதி சிட்னியில் ஆஸ்திரேலியாவின் டேனியேலா டி டோரோவிடம் ஓர் ஆட்டத்தில் தோற்றார். அதற்குப் பிறகு, 2013 பிப்ரவரியில் ஓய்வை அறிவிக்கும் வரை, ஒற்றையர் ஆட்டம் எதிலுமே அவர் தோற்கவில்லை. தொடர்ச்சியாக 470 வெற்றிகள். பத்து வருடம்.

இந்த 470ஐக் கேட்டவுடன் நாம் என்ன சொல்கிறோம்? "ஊனத்தை வென்ற வீராங்கனை" என்கிறோம். நம் ஊர்ப் பத்திரிகைகளில் யார் எழுதினாலும் தலைப்பு இந்தச் சாயலில்தான் இருக்கும். கொஞ்சம் நின்று யோசித்தால் இந்தத் தலைப்பு பொருந்தாது என்பது தெரியும். வலைக்கு அந்தப் பக்கம் இருந்தவரும் சக்கர நாற்காலியில்தான் இருந்தார். 470 முறையும் அப்படித்தான். நாற்காலி இரண்டு பக்கமும் இருக்கும்போது, யார் ஏன் ஜெயித்தார் என்பதற்கு நாற்காலி பதிலாக முடியாது. இரண்டு பக்கமும் இருக்கும் ஒன்றை வகுத்துத் தள்ளிவிட்டால்தான் கணக்கு புரியும். மீதி இருப்பது என்ன? பந்து எங்கே விழும் என்று மற்றவர்களுக்கு அரை நொடி முன்னால் தெரிந்துகொள்ளும் கண். ராக்கெட்டைப் பிடித்திருக்கும் அதே கையால் சக்கரத்தையும் தள்ளிக்கொண்டு நிற்காமல் சுழன்றுகொண்டே இருக்கும் பழக்கம். நெருக்கடியில் நடுங்காத மனம். வெர்கீர் ஊனத்தை வெல்லவில்லை. கோரி ஹோமனையும் அனீக் வான் கோட்டையும் இன்னும் எத்தனையோ பேரையும் வென்றார். "ஊனத்தை வென்றார்" என்று எழுதும்போது அந்தப் பெண்கள் எல்லாரும் காணாமல் போய்விடுகிறார்கள். வெர்கீரின் திறமையும் கூடவே போய்விடுகிறது.

ஆஸ்திரேலியாவின் நகைச்சுவைக் கலைஞரும் பத்திரிகையாளருமான ஸ்டெல்லா யங், 2014இல் சிட்னியில் ஆற்றிய உரை ஒன்று உலகம் முழுக்கப் பரவியது. அவரும் சக்கர நாற்காலியில் வாழ்ந்தவர். உடற்குறை உள்ளவர்களைக் காட்டி மற்றவர்கள் தங்களுக்கு ஊக்கமேற்றிக்கொள்வதை அவர் வெளிப்படையாகவே கண்டித்தார். அந்தப் புகழ்ச்சியில் பேசப்படுவது அவர்கள் செய்த காரியம் அல்ல, நம்முடைய நிம்மதிதான் என்பது அவர் வாதத்தின் சாரம். தம்பிக்கு ஒரு முறை தன்முனைப்பு உரையாற்ற அழைப்பு வந்தது. போனோம். மேடைக்குப் படிகள் மட்டும்தான் இருந்தன. நான்கு பேர் நாற்காலியோடு அவனைத் தூக்கி மேலே வைத்தார்கள். கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. அவன் அப்போது ஒரு வார்த்தைகூடப் பேசியிருக்கவில்லை.

இப்போது கேரம் பலகைக்கு வருகிறேன். "விட்டுக்கொடுத்தவன் கெட்டுப்போவதில்லை" என்று நமக்குச் சொல்லி வளர்த்திருக்கிறார்கள். நல்ல வாக்கு, மறுக்கவில்லை. பேருந்தில் என் இருக்கையை விட்டுக்கொடுக்கலாம். சொத்தில் என் பங்கை விட்டுக்கொடுக்கலாம். சண்டையில் என் கோபத்தை விட்டுக்கொடுக்கலாம். இவையெல்லாம் என்னுடையவை, அதனால் கொடுக்க முடிகிறது. ஆனால் ஒரு ஆட்டத்தின் வெற்றி என்னுடையதா? ஆட்டம் நடக்கும்போது அது யாருடையதும் இல்லை. ஆடி முடித்த பிறகுதான் ஒருவருக்குச் சொந்தமாகிறது. என்னிடம் இல்லாத ஒன்றை நான் எப்படிக் கொடுக்க முடியும்? நான் தம்பிக்குக் கொடுத்தது வெற்றி மாதிரி தோற்றமளிக்கிற ஏதோ ஒன்று. அவன் அதைத் தொட்டவுடனே கண்டுபிடித்துவிட்டான்.

சின்னப் பிள்ளைகளிடம் நாம் தோற்கிறோமே என்று கேட்கலாம். ஆமாம், தோற்கிறோம். அதில் தப்பில்லை. ஆட்டத்தின் மேல் ஆசை வரவேண்டும் என்பதற்காகத் தோற்கிறோம். அந்தப் பிள்ளை ஒருநாள், "நீங்க சும்மா தோக்குறீங்க, ஒழுங்கா ஆடுங்க" என்று சொல்லும். அன்றைக்கு அது வளர்ந்துவிட்டது என்று அர்த்தம். இருபத்து மூன்று வயது ஆளிடம், அதுவும் என்னைப் பத்துக்கு எட்டு முறை ஜெயித்தவனிடம், நான் அப்படித் தோற்றால் என்ன சொல்கிறேன்? நீ மறுபடி குழந்தையாகிவிட்டாய் என்றுதானே சொல்கிறேன். கட்டிலைச் சுற்றி நின்று எல்லாரும் சொன்னதைத்தான் நானும் ஸ்ட்ரைக்கரால் சொன்னேன்.

அப்படியென்றால் யாருக்கும் எந்தச் சலுகையும் கூடாதா? இந்த இடத்தில் சக்கர நாற்காலி டென்னிஸின் விதிகளே எனக்கு ஒரு தெளிவைக் கொடுத்தன. 1976இல் அமெரிக்காவில் பிராட் பார்க்ஸ் இந்த ஆட்டத்தைத் தொடங்கினார். பனிச்சறுக்கில் அடிபட்டு முடங்கிய இளைஞர் அவர். மைதானம், வலை, ராக்கெட், பந்து எல்லாம் வழக்கமான டென்னிஸில் உள்ளவைதான். முக்கியமான மாற்றம் ஒன்றே ஒன்று. பந்து இரண்டு முறை தரையில் குதிக்கலாம், இரண்டாவது குதிப்பு கோட்டுக்கு வெளியே விழுந்தாலும் பரவாயில்லை. மற்றபடி கண்டிப்புதான். நாற்காலி உடம்பின் பகுதியாகவே கணக்கிடப்படும். பந்து சக்கரத்தில் பட்டாலும் புள்ளி போய்விடும்.

அந்த இரண்டாவது குதிப்பு ஒரு சலுகைதான். ஆனால் அது விதிப் புத்தகத்தில் எழுதப்பட்டிருக்கிறது. இரண்டு பேருக்கும் தெரியும், நடுவருக்குத் தெரியும், பார்க்கிறவர்களுக்கும் தெரியும். யாரும் யாருக்கும் கடன்பட்டவர் இல்லை. அதை வாங்கிக்கொண்ட பிறகு ஆட்டத்தில் இரக்கத்துக்கு இடமில்லை. நான் செய்தது இதற்கு நேர்மாறு. விதியை மாற்றவில்லை. கேரம் பலகைக்கு முன்னால் அவனுக்கு எந்த மாற்றமும் தேவைப்படவுமில்லை. ஆனால் அவனுக்குத் தெரியாமல் ஆட்டத்தை மாற்றினேன். ஒன்று வெளிப்படையான உரிமை, மற்றது இரகசியமான இரக்கம். இந்த இரண்டையும் நாம் குழப்பிக்கொள்கிறோம். மேடைக்குச் சாய்தளம் கட்டுவது முதல் வகை. அதைச் செய்யாமல் விட்டுவிட்டு எழுந்து நின்று கைதட்டுவது இரண்டாவது வகை. தம்பிக்குச் சாய்தளம்தான் வேண்டும், கைதட்டலை அவன் தன் பேச்சால் சம்பாதித்துக்கொள்வான். நன்றாகப் பேசாவிட்டால் கிடைக்காமல் போகட்டுமே.

மரியாதை என்றால் கடினமான கேள்விகளையும் கேட்க வேண்டும். வெர்கீரைப் பற்றி ஒரு கேள்வி உண்டு. எதிரில் ஆள் இல்லாததால்தானே 470? இதில் உண்மை இருக்கிறது. பெண்கள் சக்கர நாற்காலி டென்னிஸில் முழுநேரமாக ஆடுகிறவர்கள் அவர் காலத்தில் உலகம் முழுக்கவே கொஞ்சம் பேர்தான். அப்போது கிராண்ட் ஸ்லாம் போட்டிகளில் எட்டுப் பேர்தான் களமிறங்கினார்கள். மூன்று ஆட்டம் ஜெயித்தால் கோப்பை. செரீனா வில்லியம்ஸுக்கு ஏழு ஆட்டம் தேவைப்பட்டது. இந்த இரண்டு எண்ணிக்கைகளையும் பக்கத்தில் வைத்து ஒன்றுதான் என்று சொன்னால் அது பொய். பத்து வருடம் ஒருவரையே யாராலும் அசைக்க முடியவில்லை என்பது அந்த விளையாட்டு எவ்வளவு இளமையானது என்பதையும் காட்டுகிறது.

முன்பெல்லாம் யாராவது இப்படிக் கேட்டால் எனக்குக் கோபம் வரும். இப்போது, வெர்கீரை விளையாட்டு வீராங்கனையாக எடுத்துக்கொண்டு கேட்கப்படும் முதல் கேள்வி இதுதான் என்று தோன்றுகிறது. எந்தச் சாம்பியனைப் பற்றியும் இதைத்தானே கேட்கிறோம், அவர் காலத்தில் எதிராளி யார் என்று. புகழ்கிறவர்கள் கேட்காத கேள்வியை, சந்தேகப்படுகிறவர்கள் கேட்கிறார்கள். பதில் சொல்ல முடியாத கேள்வியும் அல்ல. எதிராளிகள் குறைவாக இருந்தால் ஒருவர் நீண்ட காலம் முதலிடத்தில் இருக்கலாம். ஆனால் காய்ச்சல், காயம், தூக்கமில்லாத இரவு, காற்று, சலிப்பு எல்லாவற்றோடும் பத்து வருடத்தில் ஒருநாள்கூடச் சறுக்காமல் இருப்பதை அது முழுவதுமாக விளக்காது. எதிராளி குறைவு என்பதால் நம் கவனமும் குறைந்துவிடுவதுதான் மனித இயல்பு. அவருக்குக் குறையவில்லை.

இதே வாதம் காசு விஷயத்திலும் வரும். 2016 ரியோ பாராலிம்பிக்கில் சிங்கப்பூரின் யிப் பின் ஷியூ நீச்சலில் இரண்டு தங்கம் வென்றார். அப்போது அங்கே ஒலிம்பிக் ஒற்றையர் தங்கத்துக்கு வெகுமதி பத்து லட்சம் வெள்ளி, பாராலிம்பிக் தங்கத்துக்கு இரண்டு லட்சம். பின்னர் அது ஐந்து லட்சமாக உயர்ந்தது. போட்டியாளர் எண்ணிக்கையைக் காட்டி இந்த வேறுபாட்டை நியாயப்படுத்தலாம், எதிர்க்கவும் செய்யலாம். குறைந்தபட்சம் அது வெளிப்படையான விவாதம். "நீங்கள்தான் எங்களுக்கு ஊக்கம்" என்று சொல்லிவிட்டுக் கணக்கு பேசாமல் நகர்வதைவிட இது மேல்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். எட்டு வயதில் கால் போன ஒரு குழந்தையின் கையில் மறுவாழ்வு மையத்திலேயே ஒரு பந்தைக் கொடுக்கும் நாட்டில் வெர்கீர் பிறந்தார். அவரோடு ஆடத் தோழிகள் இருந்தார்கள், பயிற்றுநர் இருந்தார், மைதானத்துக்குள் நாற்காலி நுழைய வழி இருந்தது. லண்டன் இறுதியாட்டத்தில் இரண்டு பேருமே அந்தச் சின்ன நாட்டுக்காரர்கள் என்பது தற்செயல் அல்ல. எங்கள் தாமானில் உடற்பயிற்சிக் கூடம் இருக்கிறது. வாசலில் மூன்று படி. என் தம்பி வெர்கீராகியிருப்பான் என்று சொல்லவரவில்லை. அவனுக்கு டென்னிஸே பிடிக்காமல் போயிருக்கலாம். பிடிக்குமா பிடிக்காதா என்று தெரிந்துகொள்ளும் வாய்ப்பே வரவில்லை என்பதைத்தான் சொல்கிறேன். "மனசு இருந்தா எதையும் சாதிக்கலாம்" என்று அவனிடம் சொன்னவர்கள் மனசைப் பற்றி மட்டும்தான் பேசினார்கள். படியைப் பற்றிப் பேசவில்லை.

அந்த 6-0க்கு என் பதில் இப்போது என்ன? 2008 பெய்ஜிங் இறுதியாட்டத்தைப் பிறகு தேடிப் படித்தேன். வெர்கீருக்கு எதிரில் கோரி ஹோமன். முதல் செட் வெர்கீருக்கு 6-2. இரண்டாவது ஹோமனுக்கு 6-4. மூன்றாவது செட்டில் ஹோமன் தங்கத்துக்கு ஒரே ஒரு புள்ளி தூரத்தில் நின்றார். வெர்கீர் அதைத் தாண்டி, டைபிரேக்கரில் 7-6 என்று ஜெயித்தார். அதே பெய்ஜிங்கில் இரட்டையர் இறுதியில் ஷரோன் வால்ராவனோடு சேர்ந்து ஆடிய ஹோமன், வெர்கீர் ஜோடியைத் தோற்கடித்துத் தங்கம் வாங்கினார்.

ஹோமன் எடுத்த அந்த ஒரு செட்டுக்கு ஏன் அவ்வளவு மதிப்பு? பத்து வருடத்தில் வெர்கீர் யாருக்கும் எதையும் விட்டுக்கொடுத்ததில்லை என்பதால்தான். அவரிடமிருந்து ஒரு செட் எடுத்தவர்கள் அது தங்களுடையது என்று சந்தேகமில்லாமல் சொல்லிக்கொள்ளலாம். 2003இல் சிட்னியில் ஜெயித்த டி டோரோவின் பெயரை இன்றும் எழுதுகிறோம். அந்த வெற்றியின் மதிப்பு அதற்குப் பின் வந்த 470இல் இருக்கிறது. வெர்கீர் இடையில் நான்கைந்து பேரிடம் பரிதாபப்பட்டுத் தோற்றிருந்தால் டி டோரோவின் வெற்றியும் சேர்த்து மலிந்துபோயிருக்கும். லண்டனில் 6-0 வாங்கிய வான் கோட், அடுத்த ஆண்டு தொடக்கத்தில் ஆஸ்திரேலிய ஓபனை வென்றார். நான் பாவப்பட்ட பெண் அவர்தான்.

வெர்கீருக்குப் பின் இன்னொரு டச்சுப் பெண் வந்தார். டீட டி க்ரோட், தொடர்ந்து 145 ஆட்டம் ஜெயித்தார். 2024 மே மாதம் ஜப்பானின் யூயி காமிஜி அதை முடித்துவைத்தார். சில மாதங்களில் பாரிஸ் பாராலிம்பிக் இறுதியாட்டத்திலும் காமிஜியே ஜெயித்தார். காமிஜி பல வருடங்களாக டி க்ரோட்டிடம் தோற்றுக்கொண்டிருந்தவர். அன்றைக்கு அவர் அழுததற்கு நியாயம் இருந்தது. யாரும் அவருக்கு எதையும் கொடுக்கவில்லை.

தம்பி இப்போது வீட்டிலிருந்தே மூன்று கடைகளுக்குக் கணக்கு எழுதுகிறான். ஞாயிற்றுக்கிழமை நான் போனால் பலகையை எடுப்போம். அவன் பழைய கை திரும்பிவிட்டது. எனக்குத்தான் கண்ணாடி இல்லாமல் ஓரத்துக் காய் தெரிவதில்லை. பெரும்பாலும் தோற்கிறேன், நிஜமாகவே தோற்கிறேன்.

ஆனால் ஒன்று மட்டும் சரியாகவில்லை. சுலபமான காய் ஒன்றை நான் தவறவிட்டால் அவன் உடனே ஸ்ட்ரைக்கரை எடுப்பதில்லை. என் முகத்தைப் பார்க்கிறான். ஒரு நொடிதான்.

"நெஜமாவாக்கா?"

"நெஜமாடா."

பிறகுதான் ஆடுகிறான். அந்த ஒரு நொடியை நான்தான் எங்கள் ஆட்டத்துக்குள் கொண்டுவந்தேன். அன்றைக்கு அவனை 29-0 என்று தோற்கடித்திருந்தால், கோபப்பட்டிருப்பான், அடுத்த நாளே பலகையை எடு என்றிருப்பான், அந்த நொடி வந்திருக்காது. அவன் என்னிடம் ஜெயிக்கும் ஒவ்வொரு ஆட்டத்திலிருந்தும் நான் கொஞ்சம் எடுத்துக்கொண்டுவிட்டேன். அதை எப்படித் திருப்பிக் கொடுப்பது என்று எனக்குத் தெரியவில்லை. என்னால் முடிந்தவரை நன்றாக ஆடுகிறேன். போன வாரம் இரண்டு போர்டு ஜெயித்தேன். இன்னும் அதைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறேன்.